சீரியல் ஏன் அப்படி இருக்கிறது? டிவி நிகழ்ச்சியின் தரம் எங்கே தீர்மானமாகிறது?

தமிழ் சீரியல்களின் தரம் பற்றிப் பேச்சு வந்தால் வழக்கமாக இரண்டு பேர் தலையில்தான் பழி விழும். ஒருவர் கதை எழுதுகிறவர். அவருக்குச் சரக்கு தீர்ந்துவிட்டது என்பார்கள். இன்னொருவர் பார்க்கிறவர், அதாவது பெரும்பாலும் வீட்டில் இருக்கும் பெண்களும் வயதானவர்களும். அவர்கள் ரசனை அவ்வளவுதான் என்பார்கள். இந்த இரண்டு பேச்சையும் நான் ஏற்பதில்லை. நல்ல எழுத்தாளர்கள் இந்தத் துறையில் எப்போதும் இருந்திருக்கிறார்கள். பார்க்கிறவர்களும் நல்லது வந்தபோது கைவிட்டதில்லை.

ஒரு நிகழ்ச்சி எப்படி அமையும் என்பது கேமரா ஓடுவதற்கு முன்பே பாதி முடிவாகிவிடுகிறது. அதற்கு யார் பணம் கொடுக்கிறார்கள், எதை எண்ணிப் பார்த்துக் கொடுக்கிறார்கள், தயாரிக்க எவ்வளவு நேரம் கிடைக்கிறது என்ற மூன்றும் தெரிந்தால் போதும். திரையில் நாம் பார்த்து எரிச்சல்படும் பல விஷயங்களுக்குக் காரணம் தானாகவே புரியும்.

தரம் என்று இங்கே எதைச் சொல்கிறேன் என்பதையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கனமான விஷயத்தைப் பேசினால் தரம், மாமியார் மருமகள் கதை என்றால் தரமில்லை என்று நான் பிரிக்கவில்லை. நேற்று ஒரு மாதிரி இருந்த பாத்திரம் இன்று காரணமே இல்லாமல் வேறு மாதிரி ஆகாமல் இருக்கிறதா? நடப்பதற்கு ஒரு விளைவு இருக்கிறதா? அரை மணி நேரம் உட்கார்ந்து பார்த்தவருக்குக் கதை அரை அடியாவது நகர்ந்ததா? இவ்வளவுதான் என் அளவுகோல். குடும்பக் கதையிலும் இதைச் செய்யலாம், பாட்டுப் போட்டியிலும் செய்யலாம்.

பணம் எங்கிருந்து வருகிறது

பிரிட்டனில் டிவி பார்க்கிற வீடுகள் ஆண்டுதோறும் ஓர் உரிமக் கட்டணம் கட்டுகின்றன. பிபிசி அதில்தான் முக்கியமாக நடக்கிறது. உள்நாட்டுச் சேனல்களில் விளம்பரம் போடுவதில்லை. அமெரிக்காவில் 1972-ல் தொடங்கிய ஹெச்பிஓ சேனல், விளம்பரம் இல்லாமல் சந்தாவிலேயே வளர்ந்தது. இந்த இரண்டு இடத்திலும் நிகழ்ச்சி தயாரிப்பவர் சோப்புக் கம்பெனியைத் திருப்திப்படுத்த வேண்டியதில்லை. பத்து நிமிடத்துக்கு ஒருமுறை விளம்பர இடைவெளிக்காகக் கதையை வெட்ட வேண்டிய கட்டாயமும் இல்லை.

நம் ஊரில் டிவி முதலில் அரசுப் பணத்தில்தான் வந்தது. சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15 அன்று தொடங்கியது. அப்போது எத்தனை பேர் பார்த்தார்கள் என்பது நிகழ்ச்சியின் உயிரைத் தீர்மானிக்கவில்லை. அதனால் விவசாயிகளுக்கான வயலும் வாழ்வும் நிகழ்ச்சி வந்தது, மேடை நாடகங்கள் வந்தன, கர்நாடக இசைக் கச்சேரிகள் வந்தன. அந்தக் காலத்தைப் பொற்காலம் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. பார்க்க வேறு சேனல் இல்லை என்பதால் சகித்துக்கொண்ட நிகழ்ச்சிகளும் அதில் ஏராளம். வெள்ளிக்கிழமை சினிமாப் பாட்டு போடும் ஒளியும் ஒலியும் நேரத்தில் தெருவே காலியாக இருந்தது என்றால், மற்ற நாட்களில் மக்கள் எதற்காகக் காத்திருந்தார்கள் என்று புரிந்துகொள்ளலாம். 1984-ல் தூர்தர்ஷனில் ஹம் லோக் தொடர் விளம்பரதாரர் ஆதரவோடு வந்து 156 பகுதிகள் ஓடியது. ஒரு கதை நீண்டுகொண்டே போனால் அதைச் சுற்றி வியாபாரமும் வளரும் என்பது அப்போது நாட்டுக்கே தெரிந்தது.

1993 ஏப்ரல் 14, தமிழ்ப் புத்தாண்டு அன்று சன் டிவி வந்தது. தமிழ்த் தொடர்களின் வடிவத்தை ஏறக்குறைய முடிவு செய்தது அதன் ஸ்லாட் முறை. இதைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும், ஏனென்றால் வெளியில் இருப்பவர்கள் பலருக்கு இது தெரியாது.

சேனல்தான் தயாரிப்பாளருக்குப் பணம் கொடுத்து சீரியல் எடுக்கச் சொல்கிறது என்று நாம் நினைப்போம். ஸ்லாட் முறையில் அது தலைகீழ். இரவு எட்டு மணி முதல் எட்டரை மணி வரை உள்ள நேரத்தைத் தயாரிப்பாளர் சேனலிடம் காசு கொடுத்து வாங்குகிறார். இதற்கு ஒளிபரப்புக் கட்டணம் என்று பெயர். சன் டிவியின் கணக்கில் இது தனி வருமானமாகவே வந்தது. பதிலுக்கு அந்த அரை மணி நேரத்தில் குறிப்பிட்ட விளம்பர நேரம் தயாரிப்பாளருக்குச் சொந்தம். அதை அவரே விற்றுக்கொள்ள வேண்டும். தொடர் எடுக்கும் செலவு, கட்டணம் எல்லாம் போக மிச்சம் இருந்தால் லாபம், இல்லையென்றால் கைநஷ்டம்.

இந்த ஏற்பாட்டில் ஒரு நல்லது இருந்தது. தொடர் தயாரிப்பாளருடைய சொத்து என்பதால் அவருக்கு அதில் அக்கறை இருந்தது. ராடான், ஏவிஎம், விகடன் டெலிவிஸ்டாஸ் என்று நிறுவனங்களின் பெயரைச் சொல்லியே மக்கள் தொடர் பார்த்தார்கள். கெட்டதும் இதற்குள்ளேயே இருந்தது. ஓடுகிற தொடரை நிறுத்துவதற்கு யாருக்கும் ஒரு காரணமும் இல்லை. வீடு, அரங்கம், நடிகர்கள், பார்வையாளர்கள் எல்லாம் கையில் இருக்கும்போது அடுத்த எபிசோடு எடுப்பது மலிவு. புதிதாக ஒன்று தொடங்குவது சூதாட்டம். 2003-ல் தொடங்கிய கோலங்கள் 2009 வரை 1,500 எபிசோடுகளைத் தாண்டி ஓடியது. எபிசோடுக்கு 22 நிமிடம் என்று வைத்தால் 550 மணி நேரம். எந்த எழுத்தாளரிடமும் 550 மணி நேரக் கதை ஆரம்பத்திலேயே இருக்காது. போகப் போகப் பிடித்துக்கொள்வதுதான்.

இன்னொரு முறையில் சேனலே எபிசோடுக்கு இவ்வளவு என்று தொகை பேசித் தொடரை எடுக்கச் சொல்லும். விளம்பரமும் உரிமையும் சேனலிடம். இன்று பெரும்பாலும் இதுதான் நடைமுறை. தயாரிப்பாளருக்கு நஷ்ட பயம் குறைவு. ஆனால் அவருக்கு நிற்கும் பணம், கொடுத்த தொகைக்கும் செலவான தொகைக்கும் இடையில் உள்ளதுதான். நல்ல நடிகர் ஒருவரைக் கூடுதலாகப் போட்டால், வெளியூர் போய் ஒரு காட்சி எடுத்தால், அது அவர் பையிலிருந்து போகிறது. கதையை எந்தப் பக்கம் திருப்புவது என்ற முடிவும் சேனல் அலுவலகத்துக்கு நகர்ந்துவிடுகிறது.

நாம் கட்டும் கேபிள் பணமும் இருக்கிறதே என்று கேட்கலாம். 2019 பிப்ரவரியில் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராயின் புதிய கட்டண முறை வந்த பிறகு ஒவ்வொரு கட்டணச் சேனலுக்கும் தனி விலை உண்டு. ஆனாலும் நாம் வாங்குவது சேனலை, பெரும்பாலும் சேனல் தொகுப்பை. எட்டு மணி சீரியலுக்காக வாங்கினோமா, ஞாயிற்றுக்கிழமை படத்துக்காக வாங்கினோமா என்று அந்தப் பணம் யாரிடமும் சொல்வதில்லை. எந்த நிகழ்ச்சி நிற்கும், எது போகும் என்பதை முடிவு செய்வது விளம்பரப் பணம்தான். விளம்பரதாரர் கேட்பது ஒரே ஒரு எண்ணை.

டிஆர்பி என்ன எண்ணுகிறது

அந்த எண்தான் டிஆர்பி. இந்தியாவில் 2015 முதல் இதை எடுப்பது பார்க் (BARC) என்ற அமைப்பு. சேனல்கள், விளம்பரதாரர்கள், விளம்பர நிறுவனங்கள் மூவரும் சேர்ந்து நடத்துவது. நாட்டில் டிவி உள்ள வீடுகள் 21 கோடி என்பது 2020-ல் அந்த அமைப்பு சொன்ன மதிப்பீடு. அவற்றில் சுமார் 55,000 வீடுகளில் மட்டும் ஒரு மீட்டர் இருக்கிறது. கணக்குப் போட்டால் ஒரு மீட்டர் வீடு ஏறக்குறைய 3,800 வீடுகளுக்காகப் பேசுகிறது.

மீட்டர் வேலை செய்யும் விதம் எளிது. ஒவ்வொரு சேனலும் ஒளிபரப்பும்போதே தன் ஒலியில், காதுக்குக் கேட்காத ஒரு குறியீட்டைக் கலந்து அனுப்புகிறது. வீட்டில் உள்ள கருவி அந்தக் குறியீட்டைப் பிடித்து எந்தச் சேனல் ஓடுகிறது என்று குறித்துக்கொள்கிறது. அந்த வீட்டில் உள்ளவர்களுக்கு ஆளுக்கொரு பட்டன் உள்ள ரிமோட் கொடுத்திருப்பார்கள். டிவி முன் உட்காரும்போது அம்மா தன் பட்டனை அழுத்த வேண்டும். எழுந்து போகும்போது மறுபடி அழுத்த வேண்டும்.

பிறகு வருவது சராசரிக் கணக்கு. பத்துப் பேர் உள்ள ஒரு சின்ன ஊரைக் கற்பனை செய்யுங்கள். அரை மணி நேரத் தொடரை நான்கு பேர் முழுதாகப் பார்க்கிறார்கள். இரண்டு பேர் பாதியில் வந்து பதினைந்து நிமிடம் பார்க்கிறார்கள். மொத்தம் 150 நிமிடம். அதை 30-ஆல் வகுத்தால் 5. அதாவது ஒரு நிமிடத்துக்குச் சராசரியாக ஐந்து பேர், ஊரில் பாதி. ஆறு பேர் பார்த்தும் கணக்கில் ஐந்துதான். பாதியில் ஒருவர் எழுந்து போனால் எண் இறங்கும், பாதியில் ஒருவர் வந்து சேர்ந்தால் ஏறும். எவ்வளவு பிடித்தது என்பதற்கு இந்தக் கணக்கில் இடமே இல்லை. கண்ணீர் விட்டுப் பார்த்தவரும், போனை நோண்டிக்கொண்டு பார்த்தவரும் ஒன்றுதான். திட்டிக்கொண்டே பார்த்தவரும் அதே ஒன்றுதான்.

இதை மனதில் வைத்துக்கொண்டு ஒரு எபிசோடைப் பாருங்கள். ஆரம்பத்தில் நேற்றைய காட்சி திரும்ப வருவது எதற்கு? நேற்றுப் பார்க்காதவர் சேனல் மாற்றிவிடக் கூடாது. இடைவேளைக்கு முன் கதவு திறந்து யாரோ வருவதும், வந்தது யார் என்று காட்டாமல் முகங்கள் மட்டும் அதிர்வதும் எதற்கு? விளம்பரம் முடியும்வரை ரிமோட்டைத் தொடாமல் இருக்க. பாத்திரங்கள் மனதில் நினைப்பதைச் சத்தமாகப் பேசுகிறார்களே, அது எதற்கு? பார்க்கிறவர் அந்த நேரத்தில் சமையலறையில் இருக்கலாம். அவர் திரையைப் பார்க்கவில்லை, கேட்டுக்கொண்டிருக்கிறார். 'இந்தச் சொத்துப் பத்திரத்தை மட்டும் நான் எடுத்துவிட்டேன் என்றால்...' என்று வில்லி தனியாக நின்று பேசுவது தாளிக்கிற சத்தத்தையும் தாண்டிக் கதை போய்ச் சேர வேண்டும் என்பதற்காகத்தான். பின்னணி இசை ஒரு நிமிடம்கூட ஓயாமல் இருப்பதற்கும் இதுவே காரணம். அமைதியான ஒரு காட்சி வந்தால் அடுப்படியில் இருப்பவருக்கு டிவி நின்றுபோன மாதிரி இருக்கும்.

எனக்கு இதில் வருத்தம் என்னவென்றால், வேலைக்கு நடுவே காதால் கதை கேட்கும் ஒரு பெண்ணுக்கு அருமையான கதை சொல்ல முடியும். வானொலி நாடகங்கள் அதைச் செய்து காட்டியிருக்கின்றன. ஆனால் டிஆர்பி அவர் இருக்கிறாரா என்று மட்டும் கேட்கிறது. அவருக்கு என்ன கிடைத்தது என்று கேட்பதே இல்லை.

முந்தின வார எண் வியாழக்கிழமைதோறும் வரும். துறையில் இருப்பவர்களுக்கு அன்றுதான் பரீட்சை முடிவு. எண் இறங்கியிருந்தால் டிராக், அதாவது கதை போகும் பாதை, மாறும். மெதுவாக வளர்த்துக்கொண்டு வந்த ஒரு நட்பை அப்படியே விட்டுவிட்டுக் கல்யாணத்துக்குப் போவார்கள், ஏனென்றால் கல்யாண வாரத்துக்கு எண் ஏறும். வில்லியின் ஆட்டம் எடுபட்டால் அவளுக்கு வரவேண்டிய தண்டனை தள்ளிப்போகும். இரண்டு தொடர்களின் குடும்பங்களை ஒரே மண்டபத்தில் சேர்த்து மகாசங்கமம் என்று ஒரு மணி நேரம் ஓட்டுவார்கள். பார்த்துப் பார்த்து எழுதிய ஆறு மாதத் திட்டத்தை ஒரு வியாழக்கிழமை கலைத்துவிடும். பாத்திரங்கள் திடீரென்று குணம் மாறுவதற்கு நான் பெரும்பாலும் இதைத்தான் காரணமாகப் பார்க்கிறேன்.

மீட்டர் வீடுகள் எவை என்பது ரகசியம். அது வெளியே தெரிந்தால் என்ன ஆகும் என்பது 2020 அக்டோபரில் தெரிந்தது. சில வீடுகளுக்குப் பணம் கொடுத்துக் குறிப்பிட்ட சேனல்களை ஓடவிடச் சொன்னதாக மும்பை போலீஸ் குற்றம் சாட்டியது. அதன் பிறகு செய்திச் சேனல்களுக்கான எண்களை நிறுத்திவைத்த பார்க், 2022 மார்ச்சில்தான் மறுபடி வெளியிட்டது.

ஒரு நாளில் ஒரு எபிசோடு

அரை மணி நேரத்தில் விளம்பரம் போகக் கதைக்குக் கிடைப்பது 22 நிமிடம் அளவில். வாரத்துக்கு ஆறு எபிசோடு என்றால் 132 நிமிடம், கிட்டத்தட்ட ஒரு முழுநீளப் படம். ஒரு படத்தை எடுக்க ஐம்பது அறுபது நாள் ஆகும். சீரியல் குழு அதே அளவை ஒவ்வொரு வாரமும் எடுக்கிறது, வருடக்கணக்கில்.

இந்த வேகத்துக்குத் தகுந்த மாதிரி தொழில் பழகிக்கொண்டது. வசனத்தை மனப்பாடம் செய்ய நேரம் இல்லாததால் உதவி இயக்குநர் பக்கத்தில் நின்று வரி வரியாகச் சொல்ல, நடிகர் கேட்டுத் திரும்பச் சொல்வார். பிராம்ப்டிங் என்பார்கள். ஒரு வரிக்கும் அடுத்த வரிக்கும் நடுவில் முகத்தில் வரும் அந்தச் சின்ன நிறுத்தம் பல சமயம் நடிப்பு இல்லை, அடுத்த வரி காதில் விழக் காத்திருப்பதுதான்.

எல்லோரும் ஏன் எப்போதும் ஹாலிலேயே கூடி நிற்கிறார்கள் என்று கவனித்திருப்பீர்கள். ஒரு இடத்துக்கு லைட் அமைத்துவிட்டால் அங்கேயே அன்றைய காட்சிகளில் பாதியை முடித்துவிடலாம். பெரிய நடிகர் மாதத்தில் சில நாள்தான் வருவார் என்றால், அந்த நாளில் எல்லோரையும் சேர்த்து நிறுத்தி எடுத்துவிட வேண்டும். அப்புறம் அந்தக் கன்னத்தில் அறை வாங்கும் காட்சி. ஒரு அடி விழுகிறது. ஹாலில் எட்டுப் பேர் நிற்கிறார்கள். ஒவ்வொரு முகத்துக்கும் மூன்று விநாடி என்றால் 24 விநாடி. அடியை மூன்று கோணத்தில் திரும்பக் காட்டி, மூன்று முறையும் முகங்களைச் சுற்றி வந்தால் ஒரு நிமிடத்துக்கு மேல் ஓடிவிடும். அந்த ஒரு நிமிடத்துக்கு வசனம் எழுத வேண்டாம், புதிதாகப் படம் பிடிக்கவும் வேண்டாம். கையில் எபிசோடு இருப்பு குறையக் குறைய இந்த மாதிரிக் காட்சிகள் கூடும். நாளை ஒளிபரப்பாக வேண்டியதை இன்று எடுக்கும் நிலைமை வந்துவிட்டால், ஒருவருக்குக் காய்ச்சல் வந்தாலே கதை மாறிவிடும். 'இவருக்குப் பதில் இவர்' என்று அட்டை போட்டு ஒரே நாளில் அப்பாவை மாற்றியதைத் தமிழ்நாடே பார்த்திருக்கிறது.

எழுதுகிறவர்களும் இதே ஓட்டத்தில்தான் இருக்கிறார்கள். கதை ஒருவர், திரைக்கதை ஒருவர், வசனம் ஒருவர். காலையில் படப்பிடிப்பு தொடங்கும்போது மாலைக் காட்சிக்கான தாள் இன்னும் வந்திருக்காது. எழுதியதைத் திரும்பப் படித்துத் திருத்த ஒரு நாள் கிடைத்தாலே பாதிக் குறை போய்விடும். அந்த ஒரு நாள்தான் கிடைப்பதில்லை. தென்கொரியாவில் பதினாறு எபிசோடில் முடியும் தொடர்கள் நெடுங்காலமாக வழக்கத்தில் உண்டு. அவர்களுக்கும் நெருக்கடி உண்டு, ஆனால் முடிவு எங்கே என்று தெரிந்து எழுதுகிறார்கள்.

சட்டம் இதில் பெரிதாக ஒன்றும் செய்வதில்லை. சினிமாவுக்கு இருப்பது போல டிவி தொடருக்கு முன்தணிக்கை கிடையாது. எதைக் காட்டக் கூடாது என்று ஒரு நிகழ்ச்சி நெறி இருக்கிறது; புகார்களை விசாரிக்க 2011 முதல் ஒளிபரப்பாளர்களே அமைத்த ஒரு குழு இருக்கிறது. ஆபாசம், வன்முறை என்று புகார் கொடுக்கலாம். கதை இழுக்கிறது என்று புகார் கொடுக்க வழியில்லை, இருக்கவும் கூடாது.

இதே நெருக்கடிக்குள் நல்லது வந்ததா

வந்தது. அதனால்தான் பார்வையாளர் மேல் பழி போடுவதை நான் ஏற்பதில்லை. 2002-ல் வந்த மெட்டி ஒலி, ஐந்து பெண்களைப் பெற்ற ஒரு அப்பாவின் கதை. அதிலும் மாமியார் கொடுமை உண்டு, அழுகை உண்டு. ஆனால் வாடகை, சீர், மாப்பிள்ளை வீட்டுக்குப் போய்வரும் செலவு என்று ஒரு நடுத்தர வீட்டின் கணக்கு வழக்கு அந்தக் கதையில் ஓடிக்கொண்டே இருந்தது. அப்பா ஒரு முடிவு எடுத்தால் அதன் விளைவு நூறு எபிசோடு கழித்தும் தொடர்ந்தது. 2020 ஊரடங்கில் படப்பிடிப்புகள் நின்றபோது அதை மறு ஒளிபரப்புச் செய்தார்கள். முடிவு தெரிந்த கதையை மக்கள் மறுபடி உட்கார்ந்து பார்த்தார்கள். 2022-ல் தொடங்கிய எதிர்நீச்சல், படித்த மருமகள்களை வீட்டுக்குள் அடைத்து வைக்கும் ஒரு குடும்பத்தை எடுத்துக்கொண்டு, பேச்சாலேயே தொடரை நகர்த்தியது. ஆதி குணசேகரனாக நடித்த மாரிமுத்து 2023 செப்டம்பரில் இறக்கும்வரை, அந்தப் பாத்திரத்தின் அதட்டலில் தங்கள் வீட்டு ஆண்களை அடையாளம் கண்ட பெண்கள் ஏராளம். அதே ஸ்லாட், அதே வியாழக்கிழமை, அதே ஆறு நாள் ஓட்டம்தான். அதன் இயக்குநர் திருச்செல்வம்தான் கோலங்களையும் இயக்கியவர். எந்தக் கட்டாயத்துக்கு வளைய வேண்டும், எதற்கு வளையக் கூடாது என்று வருடக்கணக்கில் பழகியவர். அப்படி ஒருவருக்குச் சேனல் கொஞ்சம் இடம் கொடுத்தால் என்ன நடக்கும் என்பதற்கு அது சாட்சி.

இப்போது எண்ணும் முறையே மெல்ல மாறிக்கொண்டிருக்கிறது. உங்கள் வீட்டில் மீட்டர் இல்லையென்றால், பிடிக்காத சீரியலை நீங்கள் அணைத்தது எந்தக் கணக்கிலும் ஏறாது. நீங்கள் விரும்பிப் பார்த்ததும் ஏறாது. ஆனால் அதே தொடரைச் சேனலின் ஆப்பில் பார்த்தால், எந்த விநாடியில் நிறுத்தினீர்கள், எந்த இடத்தை ஓட்டிவிட்டுப் போனீர்கள், எதைத் திரும்பப் பார்த்தீர்கள் என்று மொத்தமும் பதிவாகிறது. அறை விழுந்த பிறகு வரும் எட்டு முகங்களை எல்லோரும் ஓட்டிவிடுகிறார்கள் என்று சேனலுக்கு முதல் முறையாகத் தெரியவருகிறது. அந்தத் தகவலை வைத்துக் கதையை இறுக்கலாம். இன்னும் வேகமாக டிராக் மாற்றவும் அதையே பயன்படுத்தலாம். எதைச் செய்யப்போகிறார்கள் என்பது, ஆப்புக்கு வரும் பணம் சந்தாவிலிருந்து வருகிறதா, நடுவில் வரும் விளம்பரத்திலிருந்து வருகிறதா என்பதைப் பொறுத்தே இருக்கும்.